தெரியலீங்க

வாக்குக் கேட்கிற நேரத்தில் வாய் பேசக் கூடாது. வேலங்காட்டம்மன் கோயிலில் இருக்கிற சட்டமே ரெண்டுதான், அதில் இது ஒன்று. இன்னொன்று, பூசாரி பூவைப் பார்க்கக் கூடாது. பூசாரி பார்த்துச் சொன்னால் அது பூசாரி வாக்காகிப் போய்விடுமாம். கேட்க வந்தவர்கள்தான் கண்ணால் பார்த்து, விழுந்ததும் வாய்விட்டுச் சொல்ல வேண்டும். அதனால் பூசாரி மாரப்பன், அம்மனின் வலது தோளில் ஒரு வெள்ளரளியையும் இடது தோளில் ஒரு செவ்வரளியையும் தண்ணீர் தொட்டு ஒட்டவைத்துவிட்டு, "வெள்ளை மொதல்ல உழுந்தா உத்தரவுங்க. செவப்பு மொதல்ல உழுந்தா வேண்டாம்னு அர்த்தமுங்க. அதுவரைக்கும் மூச்!" என்று உதட்டில் விரலை வைத்துக் காட்டிவிட்டு, வெளிவாசலில் போய் முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டார். உள்ளே மூன்று பேர். அறிவுக்கொடி, அவள் புருஷன் சென்னியப்பன், சென்னியப்பனின் அக்காவான நங்கையாள் தெய்வாத்தாள். தெய்வாத்தாள் உட்கார்ந்த கையோடு கண்ணை மூடிக்கொண்டாள். கண்ணைத் திறந்துகொண்டு கும்பிட்டால் அவளுக்குப் பக்தி வராது, பராக்குத்தான் வரும், அதை அவளே சொல்லுவாள். சென்னியப்பன் தூணில் தலையைச் சாய்த்து, துண்டை நெற்றி வரைக்கும் இழுத்துவிட்டுக்கொண்டார். நேற்று டயாலிசிஸ் முடிந்து வந்த உடம்பு, துவைத்துப் பிழிந்த வேட்டி மாதிரி கிடந்தது. ஆக, பூவைப் பார்க்கிற வேலை அறிவுக்கொடி தலையில் வந்து விழுந்தது. நாத்திகன் பெற்ற மகள் தலையில்! அப்பா இருந்து இதைப் பார்த்திருக்க வேண்டும்.

பார்த்துக்கொண்டே இருந்தாள். பூ கல்லில் எவ்வளவு நேரம் ஒட்டும், தண்ணீர் காய்கிற வரைக்கும் ஒட்டும், அவ்வளவுதான் விஷயம், ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளைக் கேட்டால்கூடச் சொல்லும். ஆனி மாசத்துத் தென்மேற்குக் காற்று, மேய்ச்சலுக்கு விட்ட கொறங்காட்டு வேலமரங்களைச் சீவிக்கொண்டு வந்து தெற்கு ஜன்னல் வழியாக நுழைகிறது, ஜன்னல் அம்மனுக்கு வலது பக்கம் இருக்கிறது, அப்படியானால் வெள்ளைதான் முதலில் காயும், வெள்ளைதான் விழும், நல்லது. ஆனால் செவ்வரளி கொஞ்சம் பெரிசு, கனம் கூட, அது முன்னால் விழுந்தாலும் விழும். இப்படிக் கணக்குப் போடுகிற வாத்தியாரம்மாவுக்கு உள்ளங்கை ஏன் வேர்க்கிறது என்றால் அதற்குப் பதில் இல்லை. இல்லாத ஒன்றுக்கா வேர்க்கும்? இருக்கிற ஒன்றுக்கென்றால் கும்பிட வேண்டாமா? அவள் கும்பிடவும் இல்லை, கும்பிடாமலும் இல்லை, ரெண்டு கையையும் மடியில் சும்மா போட்டுவைத்திருந்தாள், யாராவது வந்து எடுத்துக்கொண்டு போகட்டும் என்கிற மாதிரி. அவளுக்கு எட்டு வயசு இருக்கும்போது அப்பா கூட்டம் போடுவார். தையற்கடை கோவேந்தன் என்றால் அந்த வட்டாரத்தில் தெரியாதவர்கள் கிடையாது. பிறந்தபோது கோவிந்தன், பெருமாள் பேர் வேண்டாம் என்று ஒரு வெட்டு வெட்டித் தைத்துக் கோவேந்தனாகிவிட்டார், ஜாக்கெட்டை ஆல்ட்டர் பண்ணுகிற சுருக்கில். அன்றைக்குச் சந்தைத் திடலில் மேடை, கேஸ் விளக்கு, பூச்சி பறக்கிறது. அப்பா அவளைத் தூக்கி மைக்குக்கு நேராக நிறுத்தி, "பகுத்தறிவுக் குழந்தை சொல்லும் கேளுங்கள்! கடவுள் உண்டா இல்லையா, சொல்லு கண்ணு" என்றார். வீட்டில் பத்துத் தடவை சொல்லிக் கொடுத்த பதில்தான், இல்லை, மூன்றெழுத்து. வாயில் அது வரவில்லை. அவள் மெய்யாகவே யோசித்துப் பார்த்தாள், மேலே பார்த்தாள், பூச்சியைப் பார்த்தாள், "தெரியலீங்க" என்றாள். அது மைக்கில் போய்ச் சந்தைத் திடலெல்லாம் கேட்டது. ஜனம் சிரித்த சிரிப்பு இருக்கிறதே! அப்பா அடிக்கவில்லை, அடித்திருந்தாலும் தேவலை. வீட்டுக்கு வருகிற வழியில் சைக்கிளைத் தள்ளிக்கொண்டே, "உண்டுங்கறவன் முட்டாள், இல்லைங்கறவன் அறிவாளி. தெரியலைங்கறவன் யாரு தெரியுமா? பயந்தாங்கொள்ளி" என்றார். அந்த வார்த்தை நாற்பத்து மூன்று வருஷமாக அவள் கூடவே இருக்கிறது. பயந்தாங்கொள்ளியா நான்? பயம்தான், இப்போது பயம்தான், ஆனால் அன்றைக்குப் பயமில்லையே அப்பா, அன்றைக்கு எனக்கு நிஜமாகவே தெரியலையே.

வெள்ளை அசைந்ததா? இல்லை, விளக்குத்தான் அசைந்தது. கல்யாணம் ஆகி வந்த வீட்டில் பட்ட பாடு இதைவிடத் தமாஷ். மோட்டாருக்குச் செப்புக்கம்பி சுற்றிக் காயில் கட்டுகிற பையன், வரதட்சணை வேண்டாம் என்கிறான், எதையும் மீட்டர் வைத்துப் பார்த்துத்தான் நம்புகிறான், நம்ம ஆளு என்று அப்பா குதியாய்க் குதித்துக் கட்டிக்கொடுத்துவிட்டார். அந்தப் பையன் மீட்டர் வைத்துப் பார்த்து, சரியாக இருந்தால் மோட்டாரின் நெற்றியில் திருநீறு பூசித்தான் வெளியே அனுப்புவான் என்கிற சங்கதி தாலி ஏறிய பிற்பாடுதான் தெரிந்தது. தாலிகூட அப்பா கூட்டத்துப் பெரியவர் எடுத்துக் கொடுத்தது. ஊருக்கு வந்ததும் மாமியார் அதே தாலியை வாங்கி அம்மன் காலடியில் வைத்துத் திரும்பக் கட்டச் சொன்னாள். ரெண்டு தடவை கட்டின தாலி, நல்லாக் கெட்டி என்று சென்னியப்பன் சிரிப்பார். அன்றைக்கு மாமியாரும் அதே கேள்வியைத்தான் கேட்டாள். "ஏனம்மிணி, நீ சாமி கும்புடுவயா, மாட்டயா? மனசுல ஒண்ணு வெச்சுக்கிட்டு வெளியில ஒண்ணு பேசாதே." அவள், "தெரியலீங்க அத்தை" என்றாள். மாமியாருக்கு அது இல்லை என்பதைவிடக் கேவலமாகப் பட்டது. "இல்லைன்னு சொன்னாலாவது சண்டை போடலாம், இது என்ன வழவழா கொழகொழா!" என்று தலையில் அடித்துக்கொண்டாள். இந்தப் பக்கம் பயந்தாங்கொள்ளி, அந்தப் பக்கம் வழவழா. மத்தளத்துக்கு ரெண்டு பக்கமும் இடி என்கிறது இதைத்தான். பள்ளிக்கூடத்துத் தமிழாசிரியர் நன்னன்தான் ஒருநாள் ஓய்வறையில் வடையைத் தின்றுகொண்டே, "டீச்சர், உங்க கட்சிக்கு ஒரு பேர் இருக்கு. அறியவொண்ணாவாதம். உண்டா இல்லையான்னு மனுச அறிவால அறிய முடியாதுங்கற கொள்கை" என்றார். அவளுக்கு ஒரே சந்தோஷம். பேர் இருக்கிறதென்றால் அவளைப் போல வேறு ஆட்களும் இருக்கிறார்கள் என்றுதானே அர்த்தம். வீட்டுக்குப் போய் அந்த வார்த்தையை அவள் போட்டுப் பார்த்தாள், கண்ணாடி முன்னால் நின்று, நான் அறியவொண்ணாவாதி. அக்குளில் பிடித்தது. தையற்காரன் மகளுக்கு அளவு தப்பினால் உடனே தெரியும். அடுத்த நாள் நன்னனிடமே போய்க் கேட்டாள், "ஐயா, எனக்குத் தெரியலைங்கறது வேற, யாருக்குமே தெரிய முடியாதுங்கறது வேற இல்லீங்களா? யாருக்கும் முடியாதுன்னு எனக்கு எப்படித் தெரியும்?" நன்னன் வடையை வைத்துவிட்டு யோசித்தார். "அதையும் தெரியலைன்னு வெச்சுக்குங்க" என்றார். இன்னொன்றும் கேட்டாள், தெரியாதவர் கும்பிடலாமா? "தெரியறது ஒரு கேள்வி, நம்பறது வேறொரு கேள்விங்க. தெரியலை, ஆனாலும் நம்பறேன்னு ஒருத்தர் சொல்லலாம். தெரியலை, அதனால நம்பலைன்னும் சொல்லலாம். நீங்க எந்த ரகம்?" அவள் சொன்ன பதில் ஓய்வறைக்கே தெரியும். மணி அடித்துவிட்டது, நன்னன் சிரித்துக்கொண்டே வகுப்புக்குப் போனார்.

இங்கே சிரிக்க ஆள் இல்லை. காற்று நின்றுபோய்விட்டது. கல்லுக்குக் கல்லின் வாடை இருக்கிறது, எண்ணெயும் வௌவாலும் பழைய சாம்பிராணியும் சேர்ந்த வாடை, ஆஸ்பத்திரி வாடைக்கு இது எவ்வளவோ மேல். ஆஸ்பத்திரியிலும் இதே கேள்விதான் வேறு சட்டை போட்டுக்கொண்டு வந்தது. டாக்டரம்மா ரொம்ப நல்ல மாதிரி, சின்ன வயசு, ரத்த வகை பொருந்துகிறது, திசு பொருந்துகிறது, உங்க ஒரு கிட்னியை அவருக்கு வைக்கலாம், வருகிற வெள்ளிக்கிழமை செய்துவிடலாம் என்றார். அவர் உடம்பு ஏற்றுக்கொள்ளுமா என்று அறிவுக்கொடி கேட்டாள். "பெரும்பாலும் ஏத்துக்கும். ஆனா உங்க வீட்டுக்காரருக்கு எப்படின்னு இப்பவே உறுதியாச் சொல்ல முடியாதுங்க." பார்த்தாயா அப்பா, இத்தனை படித்த பிள்ளை, இவளைப் போய்ப் பயந்தாங்கொள்ளி என்பாயா? அறிவுக்கொடிக்கு அந்த நிமிஷமே டாக்டரம்மா மேல் நம்பிக்கை வந்துவிட்டது. தெரியாததைத் தெரியாது என்று சொல்கிறவர் தெரிந்ததைச் சரியாகத்தான் செய்வார். ஆனால் சென்னியப்பனுக்கு அது போதவில்லை. அவர் தன் உசிருக்குப் பயப்படவில்லை, அதுதான் வயிற்றெரிச்சல். "என் வவுத்தைக் கிழிக்கறதுன்னா எப்ப வேணாலும் கிழிக்கட்டும். உன்னுதைக் கிழிக்கோணுமே, அறிவு. நல்லா இருக்கற உடம்பு. நாளைக்கு உனக்கு ஒண்ணுன்னா நான் எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டுத் திரியறது? அம்மா உத்தரவு குடுத்தா வாங்கிக்கறேன். இல்லீன்னா மெஷினே போதும்." மெஷின் போதாது என்று அவருக்கே தெரியும். பக்கத்துக் கட்டிலில் படுத்திருந்த சர்க்கரை ஆலைக்காரர் மாசியில் வருவதை நிறுத்திவிட்டார். அந்தக் கட்டிலில் பிறகு ஒரு ஆசாரி வந்தார், வைகாசியில் அவரும் காணோம். யாரும் எதுவும் கேட்பதில்லை, நர்ஸ் விரிப்பை மாற்றிப் போடுகிறாள், அவ்வளவுதான். சென்னியப்பனின் இடது முழங்கையில் ஊசி குத்துவதற்காக ரத்தக் குழாயை இணைத்துத் தைத்த இடம் தொட்டால் உறுமும், உள்ளே மோட்டார் ஓடுகிற மாதிரி. ராத்திரியில் அவர் தூங்கின பிறகு அவள் அதில் கையை வைத்துப் பார்த்துக்கொள்வாள். ஓடுகிறது. ஓடுகிறது. அவளுக்குத் தெரியும் என்று சொல்லக்கூடிய ஒரே விஷயம் அதுதான். சரி, சாமி என்று ஒன்று இருக்கட்டும், இந்தக் கல்லுக்குள்ளேயே இருக்கட்டும், அதற்கு இந்த மனுஷனைத் தெரியாதா? கூலி கொடுக்க முடியாதவன் கொண்டுவருகிற மோட்டாரைக்கூடச் சும்மா கட்டிக் கொடுத்து அனுப்புகிற மனுஷன். தெரிந்தும் சிவப்பைத் தள்ளிவிடுமா? தள்ளிவிட்டால் அது என்ன சாமி? தள்ளாவிட்டால், வெள்ளை விழுந்துவிட்டால், அப்போது நான் நம்பிவிடுவேனா, சீ, பிழைப்புக்கு நம்புகிற நம்பிக்கை ஒரு நம்பிக்கையா, ஆனால் ஊரில் முக்கால்வாசி நம்பிக்கை அப்படித்தானே வந்திருக்கிறது, அதில் என்ன குறைச்சல், விழுந்து தொலையேன் வெள்ளை, உனக்குக் கோடிப் புண்ணியம். கும்பிடுகிறேனா இப்போது? இதற்குப் பேர் கும்பிடுவதா? யாரைப் பார்த்துத் "தொலையேன்" என்கிறேன்?

அப்போது சிவப்பு விழுந்தது.

சத்தமே இல்லை. தோளைவிட்டு நழுவி, அம்மனின் கையில் ஒரு தட்டுத் தட்டி, பீடத்தில் போய்க் கிடந்தது. வெள்ளை அப்படியே ஒட்டிக்கொண்டிருந்தது, ஒரு இதழ்கூட அசையவில்லை. அறிவுக்கொடி வாயைத் திறக்க வேண்டும். விழுந்ததும் சொல்ல வேண்டும், அதுதான் முறை, அதற்காகத்தான் அவளை உட்கார்த்திவைத்திருக்கிறார்கள். சிவப்பு விழுந்துச்சுங்க. ரெண்டு வார்த்தை. தண்ணீர் காய்ந்தது, விழுந்தது, கனம் கூட, நான்தான் முன்னமே நினைத்தேனே, இதில் என்ன இருக்கிறது, ஒன்றுமில்லை, ஒரு பூ. ஒரு பூவுக்காக இவர் அந்தக் கட்டிலுக்கே திரும்பப் போய்ப் படுத்துக்கொள்வார். சொன்னால் போதும், மறுபேச்சுப் பேச மாட்டார், துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, சரி அம்மா வேண்டாங்கறா என்று எழுந்துவிடுவார், அந்த முகம் அவளுக்குத் தெரியும். எனக்கு ஒன்றும் தெரியாது என்று ஐம்பத்தொரு வருஷம் சொன்னேனே, இப்போது கண்ணாரக் கண்ட ஒன்றைத் தெரிய வைத்துவிட்டாயே, இது நியாயமா? அவள் மெல்லத் தலையைத் திருப்பினாள். நங்கையாள் கண் மூடியிருந்தது, உதடு மட்டும் முணுமுணுத்தது. வாசலில் பூசாரியின் முதுகு. தூணருகே சென்னியப்பன், துண்டுக்கு அடியில் அவர் கண் ரெண்டும் நன்றாகத் திறந்திருந்தன. பீடத்தில் கிடந்த சிவப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். எத்தனை நேரமாக விழித்திருந்தாரோ. அவள் பார்ப்பதை அவர் பார்க்கவில்லை. சொல்லிவிடுவார், இப்போது சொல்லிவிடுவார் என்று அவர் உதட்டையே பார்த்தாள். அவர் சொல்லவில்லை. நன்றாகப் பார்த்துவிட்டு, கண்ணை மெதுவாக மூடிக்கொண்டார். மூடினவர் திறக்கவில்லை. பிறகு எவ்வளவு நேரமோ, நின்றிருந்த காற்று மறுபடி ஜன்னலில் புகுந்தது, விளக்கு படபடத்தது, தொங்குமணி ஒரு தடவை தானாக அசைந்து டிங்கென்றது, வெள்ளையும் விழுந்தது. சிவப்புக்குப் பக்கத்திலேயே போய் விழுந்தது.

மணிச்சத்தத்துக்குக் கண்ணைத் திறந்த தெய்வாத்தாள், பீடத்தைப் பார்த்ததும் பதறிப்போனாள். "அட, ரெண்டுமல்ல உழுந்து கெடக்குது! எதம்மிணி மொதல்ல உழுந்துச்சு?"

பூசாரி எழுந்து உள்ளே வந்தார். "சொல்லுங்கம்மிணி. நீங்கதான பாத்துக்கிட்டு இருந்தீங்க?"

அறிவுக்கொடி அம்மனைப் பார்த்தாள். அவளும் இவளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள், அல்லது கல் இவளுக்கு நேராக இருந்தது.

"தெரியலீங்க" என்றாள்.

எத்தனையோ தடவை சொன்ன வார்த்தை, சொன்ன போதெல்லாம் உண்மை. பொய்யாகச் சொன்னது இதுதான் முதல் தடவை, அது அத்தனை சுலபமாக வந்தது அவளுக்கே ஆச்சரியமாக இருந்தது.

"போச்சாது போ!" என்று தெய்வாத்தாள் கையை உதறினாள். "உனக்கு என்னைக்குத்தான் என்ன தெரிஞ்சுருக்குது? கண்ணு முன்னால நடக்கறதுகூடவா? சின்னவனே, நீயாச்சும் பாத்தியாடா?"

சென்னியப்பன் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். ரொம்ப நேரம் துடைத்தார்.

"இல்லக்கா. அசந்துட்டேன்."

"ரெண்டு பேரும் சோடி போட்டுக்கிட்டு வந்தீங்களா!"

"பாக்காத வாக்கு வாக்கில்லீங்க" என்றார் பூசாரி. "அடுத்த அமாவாசைக்குத்தான் திருப்பிக் கேக்கோணும். அதுக்கு முன்னால கேட்டா அம்மா கோவிச்சுக்குவா."

"அமாவாசைக்கு ஏதுங்க பூசாரி நேரம், ஆஸ்பத்திரியில வெள்ளிக்கெழமை வரச்சொல்லியிருக்கறாங்க" என்று தெய்வாத்தாள் ஆரம்பித்து, தம்பியின் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டாள். "இப்ப என்னடா பண்றது?"

"வாக்குத்தான் வரலையே. நாமதான் முடிவு பண்ணோணும்." அவர் துண்டை மடித்து மடியில் வைத்தார். "நீ போய்க் காரை எடுக்கச் சொல்லுக்கா. நாங்க வர்றோம்."

தெய்வாத்தாள் முனகிக்கொண்டே வெளியே போனாள். பூசாரி ரெண்டு பூவையும் பொறுக்கி, வாழையிலைத் துண்டில் வைத்து அறிவுக்கொடியிடம் கொடுத்துவிட்டு, எண்ணெய்க் கிண்ணத்தை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனார். அவள் சென்னியப்பனுக்குக் கை கொடுத்துத் தூக்கிவிட்டாள். அவர் எழுந்து நின்று, வழக்கம்போல் தலைக்கு மேல் கைகூப்பிக் கும்பிட்டார். வழக்கத்தைவிடக் கொஞ்சம் கூட நேரம் கும்பிட்டார். அவளுக்குக் கேட்காமல் இருக்க முடியவில்லை.

"ஏனுங்க, நீங்க முழிச்சுத்தான இருந்தீங்க?"

அவர் கூப்பின கையை இறக்கவில்லை. திரும்பியும் பார்க்கவில்லை. அவளிடம் சொல்கிறாரா அம்மனிடம் சொல்கிறாரா என்று தெரியாத குரலில் சொன்னார்.

"எனக்கு இன்னுங் கொஞ்ச நாள் இருக்கோணும்னு ஆசையா இருக்குது, அறிவு."

கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது அவளுக்கு. இருபத்தேழு வருஷத்தில் அந்த மனுஷன் தனக்கென்று ஒன்றைக் கேட்டு அவள் கேட்டதில்லை.

"எனக்குந்தானுங்க" என்றாள்.